அண்ணியின் தகர மலை

1979ஆம் வருடம் நவம்பர் மாதம் பத்தொன்பதாம் தேதி, திங்கட்கிழமை, மாலை நான்கு மணி நாற்பது நிமிடம். காலையிலிருந்து விடாத தூறல். மலை இடுப்புக்கு மேல் மேகத்துக்குள் போயிருந்தது. திருவண்ணாமலை ரயில் நிலையத்துக்குப் பக்கத்தில் அண்ணி வாடகைக்கு எடுத்திருந்த கொட்டகையில், சென்னையிலிருந்து நான்கு மரப்பெட்டிகள் வந்து இறங்கியிருந்தன. நான் அவற்றை மூன்று முறை எண்ணினேன். நான்கு பெட்டியை எதற்கு மூன்று முறை எண்ணுகிறாய் என்று அண்ணன் கேட்டார். சார்நிலைக் கருவூலத்தில் எழுத்தராக இருப்பவனுக்கு எண்ணி முடிக்கும் வரை நான்கும் நான்கல்ல என்றேன். அண்ணன் ரயில்வே பார்சல் ஆபீசில் இருந்தவர். அவருக்குப் பெட்டி வந்து சேர்ந்தாலே போதும், அதுவே அவர் உத்தியோகத்தில் அதிசயம்.

அண்ணி ஒரு பெட்டியைக் கடப்பாரையால் நெம்பித் திறந்தார். உள்ளே வைக்கோலுக்கு நடுவில், சாவி கொடுத்தால் சுற்றுகிற சிறிய எந்திரங்கள். அவற்றுக்காகத்தான் கொட்டகையே இரண்டு மாதமாகக் காத்திருந்தது. சுவரோரமாக அறுநூறு தகர மலைகள் அடுக்கப்பட்டிருந்தன. ஒவ்வொன்றும் ஒரு சாண் உயரம், பச்சையும் காவியும் பூசியது, உச்சியில் சிவப்புத் தீபம். மலையின் அடிவாரத்தில் ஒரு வட்டத் தகடு. அதன்மேல் ஐந்து பேர்: வேட்டிக்காரர் ஒருவர், அவர் மனைவி, ஒரு பிள்ளை, கோல் ஊன்றிய கிழவர், ஒரு சாமியார். எந்திரத்தை அடியில் பொருத்திச் சாவி கொடுத்தால் இந்த ஐவரும் மலையைச் சுற்றி வர வேண்டும். கிரிவலப் பொம்மை. அண்ணி முதல் எந்திரத்தைப் பொருத்தினார், சாவி கொடுத்தார், பலகைமேல் வைத்தார். அங்கே வேலை செய்கிற பெண்கள் ஆறு பேர், அண்ணன், நான், எட்டுத் தலையும் குனிந்தோம். ஐந்து பேரும் நடந்தார்கள். பின்பக்கமாக.

முன்னே பார்த்தபடி பின்னே போனார்கள். சாமியார்தான் மற்றவர்களை இழுத்துக்கொண்டு போவது போல இருந்தது. ஒரு முழுச் சுற்று முடிந்தது. ஈயம் பற்றவைக்கிற மூத்த பெண்மணிதான் முதலில் வாயைத் திறந்தார். "வழியில எங்கியோ செருப்பை விட்டுட்டாங்க போல கீதும்மா. தேடிக்கினு போறாங்க."

அண்ணி சிரிக்கவில்லை. இரண்டாவது எந்திரத்தைப் பொருத்தினார். அதுவும் அப்படியே. பத்து எந்திரம் பார்த்த பிறகு கடப்பாரையைக் கீழே வைத்துவிட்டு, "தம்பி, எல்லாத்தையும் பாக்கணுமா, போதுமா?" என்று என்னைக் கேட்டார். ஐந்நூற்றுத் தொண்ணூறு பாக்கி இருக்கிறது, அண்ணி என்றேன். அவர் என்னைப் பார்த்த பார்வை இன்றைக்கும் நினைவிருக்கிறது.

அண்ணியைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். எழுபதுகளின் தொடக்கத்தில், பிள்ளைகள் பள்ளிக்கூடம் போன பிறகு வீட்டில் சும்மா இருக்க முடியாமல் அவர் காலி எண்ணெய் டின்களை வெட்டிக் கிலுகிலுப்பை செய்ய ஆரம்பித்தார். வெளியே சிவப்பும் மஞ்சளும் பளபளக்கும். உள்ளே எட்டிப் பார்த்தால் கடலை எண்ணெய்க் கம்பெனியின் பெயரில் பாதி தெரியும். பிறகு தகரத் தவளை, தகரப் பேருந்து, ஊதினால் நாயைப் போலக் குரைக்கிற ஊதல். ஊதல் வந்த வருடம் எங்கள் தெருவில் இரண்டு பேர் வீடு மாற்றிக்கொண்டு போனார்கள். பொம்மையைச் சோதிக்க அவருக்கு ஒரு வழி உண்டு. தன் இடுப்பைவிடச் சற்றுத் தாழ்ந்த உயரத்திலிருந்து ஒரு முறை கீழே போடுவார். உடையவில்லை என்றால் கடைக்குப் போகும். இன்னும் கெட்டியாகச் செய்தால் என்ன என்று ஒருமுறை கேட்டேன். "பிள்ளைங்க இடுப்பு உயரத்துல இருந்துதான் தம்பி போடும். அதுக்குத் தாங்கினா போதும். ஆயுசுக்கும் தாங்கினா அடுத்ததை யார் வாங்குவாங்க?" நான் பொருளாதாரம் படித்துப் பட்டம் வாங்கியவன். இவ்வளவு சுருக்கமாக எந்தப் பேராசிரியரும் எனக்குச் சொல்லவில்லை.

கொட்டகை ஒரு ரைஸ் மில்காரருடையது. யாத்ரீகர்கள் கூடிக்கொண்டே போகிறார்கள், இந்த இடத்தில் லாட்ஜ் கட்டினால் என்ன என்று அந்த வருடம் அவருக்கு யோசனை வந்துவிட்டது. அண்ணி நேரே போய்ப் பேசினார். கார்த்திகைத் தீபத்துக்கு மறுநாள் மூன்று வருட வாடகையை மொத்தமாகக் கையில் வைத்தால் கொட்டகை உனக்கு, இல்லாவிட்டால் கடைக்கால் தோண்ட ஆள் வரும் என்று அவர் சொல்லிவிட்டார். சொன்னதோடு நிற்காமல் வாரம் ஒருமுறை வந்து நூல் பிடித்து அறைகளுக்கு அளவு எடுத்துக்கொண்டும் போவார். பற்றவைக்கும் அடுப்பு இருந்த இடத்தில் அவர் கணக்குப்படி ஒரு கழிவறை வருவதாக இருந்தது. அண்ணி கையிலிருந்த முழுப் பணத்தையும் கிரிவலப் பொம்மையில் போட்டிருந்தார். தீபத்தின் பத்து நாள் திருவிழாவில் அறுநூறும் விற்றால் வாடகை வரும். விற்காவிட்டால் கொட்டகை போய்விடும், ஆறு பெண்களும் நெல் காயவைக்கத் திரும்பிப் போக வேண்டும், எட்டு வருடத் தொழில் லாட்ஜின் கடைக்காலுக்குக் கீழே போய்விடும். பெட்டி பிரித்த அன்றைக்குத் தீபத்துக்கு இருந்தது இரண்டே வாரம்.

பிசகு எப்படி வந்தது என்று சொன்னால் எங்கள் ஊர்க்காரர்களுக்கு மட்டும்தான் அது பிசகாகவே தெரியாது. மாதிரிப் பொம்மையை எங்கள் ஊர் கடிகாரக் கடைக்காரர் ஒரு பழைய அலாரத்தைப் பிரித்துச் செய்து கொடுத்தார். அது ஒழுங்காக வலமாகச் சுற்றியது. அறுநூறு செய்ய அவரால் ஆகாது என்பதால் அண்ணியும் நானும் சென்னைக்குப் போய் ஒரு பட்டறைக்காரரிடம் பேசினோம். மாதிரியைக் கொண்டுபோனால் தொழிலைத் திருடிவிடுவார் என்று அண்ணி அதை வீட்டிலேயே பூட்டி வைத்துவிட்டு, ஒரு படம் மட்டும் வரைந்து எடுத்துக்கொண்டார். ஒன்றரை மணி நேரம் பேசினோம். கம்பியின் கனம் சொன்னோம், சாவியின் நீளம் சொன்னோம், ஒரு சாவிக்கு ஏழு சுற்று என்று சொன்னோம். எந்தப் பக்கம் சுற்ற வேண்டும் என்று மட்டும் அவரும் கேட்கவில்லை, நாங்களும் சொல்லவில்லை. எங்கள் ஊரில் பிறந்து வளர்ந்தவனுக்குச் சுற்றுவதில் இன்னொரு பக்கம் இருக்கிறது என்பதே தோன்றாது. மலை வலக்கைப் பக்கம் இருக்க நடக்க வேண்டும். மூச்சு விடுவதை யாராவது எந்தப் பக்கம் என்று கேட்பார்களா.

மறுநாள் தபால் ஆபீசிலிருந்து டிரங்க் கால் போட்டேன். இணைப்புக் கிடைக்க இரண்டு மணி ஐந்து நிமிடம் ஆனது. விஷயத்தைச் சொன்னேன். பட்டறைக்காரர் அமைதியாகக் கேட்டுவிட்டு, "நல்லா சுத்துதில்ல சார்?" என்றார். சுத்துது, ஆனால் இடப்பக்கமாக என்றேன். "பக்கம் நீங்க சொல்லவே இல்லையே. சுத்தணும்னீங்க. சுத்துது." மாற்றிச் செய்து தர இரண்டு மாதம் ஆகும் என்றார். நான் வந்து அப்படியே அண்ணியிடம் ஒப்பித்தேன். அண்ணிக்குக் கோபத்தைவிட ஆச்சரியம்தான் அதிகம். "சுத்துறதுல என்னா பக்கம்? சுத்துறதுன்னா சுத்துறதுதான். அந்த ஆளு என்னா, கோயில் குளமே பாத்ததில்லையா?"

அதற்குப் பிறகு இரண்டு நாள் எல்லாருக்கும் யோசனை வந்தது. பொம்மைகளைத் திருப்பி ஒட்டிவிடலாம், பின்னால் நடக்காமல் முன்னால் நடப்பார்கள் என்றேன் நான். "நடப்பாங்க. மலை இடக்கைப் பக்கம் வரும். நம்ம ஜனங்க இடமா சுத்தறது எங்கேன்னு தெரியுமில்ல தம்பி?" என்றார் அண்ணி. தெரியும், சுடுகாட்டில். அந்தப் பேச்சு அதோடு நின்றது. பின்னால் நடப்பது ஒரு வேண்டுதல் என்று சொல்லி விற்றுவிடலாம் என்றார் அண்ணன். மலையைப் பிய்த்துப் போட்டுவிட்டு ராட்டினம் என்று பெயர் வைக்கலாம் என்றார் ஒரு பெண். சாமியாரை ராட்டினத்தில் ஏற்றுவதா என்று இன்னொரு பெண் சண்டைக்கு வந்தார். எனக்கு இரண்டு நாளாகச் சாப்பாடு இறங்கவில்லை. கவலைப்படுவதில் எனக்கு இருக்கிற தேர்ச்சியைக் கண்டு என் மனைவி, "பொம்மை அண்ணியோடது, வயித்துவலி உங்களுதா?" என்று கேட்டாள்.

மூன்றாம் நாள் காலை அண்ணி இட்லிக்கு அரிசியும் உளுந்தும் எடுத்துக்கொண்டு அடுத்த தெருவிலிருந்த மாவு அரைக்கிற கடைக்குப் போனார். எங்கள் பகுதிக்குக் கரண்ட் கிரைண்டர் வந்து அப்போது ஒரு வருடம்தான் ஆகியிருந்தது. அரை மணி நேரத்தில் மாவும் இல்லாமல் பாத்திரமும் இல்லாமல் வேகமாகத் திரும்பி வந்தார். நான் ஆபீசுக்குக் கிளம்பிக்கொண்டிருந்தேன். "தம்பி, ஆட்டுக்கல்லுல எது சுத்தும்?" என்றார். குழவி என்றேன். "கல்லு?" நிற்கும் என்றேன். "கிரைண்டர்ல?" அதில் கல் சுற்றுகிறது, குழவி நிற்கிறது என்றேன். "மாவு ரெண்டுலயும் மாவுதானே தம்பி?" என்றார்.

எனக்குப் புரியவில்லை. பட்டதாரிக்குப் புரிய நாற்பது நிமிடம் ஆனது, அதனால் ஆபீசுக்கு அன்று தாமதம். ஐந்து பேரையும் நிறுத்திவிட்டு மலையைச் சுற்றவிட வேண்டும் என்கிறார் அண்ணி. நான் மேசைமேல் ஒரு டம்ளரைக் கவிழ்த்து அதை மலை என்று வைத்துக்கொண்டு, ஓர் எலுமிச்சம் பழத்தை வேட்டிக்காரர் என்று வைத்துக்கொண்டு, டம்ளரை இடப்பக்கமாகத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். ஓடுகிற ரயிலிலிருந்து பார்த்தால் நிற்கிற மரம் எதிர்ப்பக்கம் ஓடுகிறதல்லவா, அதே சங்கதிதான். எந்திரம் எந்தப் பக்கம் பிசகாகச் சுற்றியதோ அந்தப் பக்கம் மலை சுற்றினால், மலையின் கண்ணுக்கு அந்த ஐவரும் வலமாகத்தான் போவார்கள். முகமும் சரியான பக்கம் பார்த்திருக்கும். யாரும் பின்னால் நடக்க வேண்டாம். எலுமிச்சம் பழம் உருண்டு கீழே விழுந்தது. "சரிதான் அண்ணி," என்றேன். "சரின்னு எனக்குத் தெரியும். நீங்க ஆபீசுக்குக் கிளம்புங்க," என்றார் அண்ணி.

ஆனால் எனக்கு உடனே அடுத்த கவலை பிடித்துக்கொண்டது. எங்கள் ஊரில் மலை வெறும் கல் இல்லை, அதுவேதான் சாமி. சாமியைச் சுற்றவிடலாமா. ஊர் என்ன சொல்லும். அண்ணி அதையும் தள்ளிப்போடவில்லை. அன்று மாலையே ஒரு பொம்மையை மாற்றிச் செய்து எடுத்துக்கொண்டு, எங்கள் தெருவில் குடியிருந்த வயதான குருக்களிடம் போனார். நான் நான்கடி தள்ளி நின்றேன். குருக்கள் பொம்மையைக் கையில் வாங்கி, கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, தாமே சாவி கொடுத்து, மலை ஒரு முழுச் சுற்றுச் சுற்றும் வரை பார்த்தார். "மலை நகர்றதேம்மா," என்றார். "அது தகரம் சாமி," என்றார் அண்ணி. குருக்கள் அதைத் தட்டிப் பார்த்தார். "ஆமாம், தகரந்தான்," என்றார். பிறகு இன்னொரு முறை சாவி கொடுத்தார். "யாரும் அப்பிரதட்சணமாப் போகலையே?" இல்லை சாமி, எல்லாரும் நின்ற இடத்தில் நிற்கிறார்கள் என்றேன் நான். "நிக்கறவாளுக்கு ஏது தோஷம்," என்று சொல்லிவிட்டுப் பொம்மையை மடியில் வைத்துக்கொண்டார். திருப்பிக் கொடுக்கிற மாதிரித் தெரியவில்லை. எனக்கு நிம்மதியாக இருந்தது, கிளம்பலாம் என்று அண்ணிக்குக் கண்ணைக் காட்டினேன். அண்ணி கிளம்பவில்லை. "ஏழு ரூபா ஐம்பது காசு சாமி," என்றார். எனக்குப் பூமிக்குள் போய்விடலாம் போலிருந்தது. திரும்பி வரும் வழியில், குருக்களிடமா காசு கேட்பது என்றேன். "சும்மா குடுத்தா அது பொம்மைக்கு மரியாதை இல்ல தம்பி. காசு குடுத்து வாங்கினாத்தான் பரண்ல போடாம வச்சிப்பாங்க."

அடுத்து வந்தது வேலை. நேரம் மிச்சமாகட்டும் என்று அறுநூறு மலைகளையும் முன்கூட்டியே அடித்தட்டோடு ஈயம் வைத்துப் பற்றவைத்திருந்தார்கள். இப்போது ஒவ்வொன்றையும் சூடுகாட்டிப் பிரித்து, மலையை நடுக்கம்பியில் ஏற்றி, வட்டத் தகட்டை அடித்தட்டில் ஒட்ட வேண்டும். குருக்களுடையதில் ஸ்பிரிங் எப்படியோ தாங்கிவிட்டது, அடுத்த பத்து மலைகள் பாதிச் சுற்றில் நின்றுவிட்டன. ஐந்து பேரைத் தள்ளச் செய்த ஸ்பிரிங்குக்கு மலையைத் தள்ள வலுவில்லை. மலையின் கனத்தைக் குறைக்க உள்பக்கத் தகரத்தைக் கத்தரித்தார்கள். எனக்குக் கொடுக்கப்பட்ட வேலை, ஒவ்வொரு பொம்மைக்கும் சாவி கொடுத்து ஏழு சுற்று வருகிறதா என்று எண்ணுவது. என் வாழ்நாளில் எனக்குப் பொருத்தமான வேலையை யாராவது கொடுத்திருக்கிறார்கள் என்றால் அது அண்ணிதான். மில்காரர் நடுவில் ஒருநாள் நூலோடு வந்தார். மலை சுற்றுவதைப் பார்த்துவிட்டு, "என்னாம்மா, மலையே கிறுகிறுத்துப் போச்சா?" என்று கேட்டு, தன் லாட்ஜின் ஜன்னல் எந்தப் பக்கம் வரும் என்று என்னிடமே ஆலோசனையும் கேட்டுவிட்டுப் போனார்.

திருவிழாவின் ஏழாம் நாள், தேர் அன்று, தேரடித் தெருவில் கடை போட்டோம். கூட்டம் என்றால் கூட்டம். பொம்மையைப் பார்க்காதவர் இல்லை. வாங்கியவர்தான் இல்லை. "பாருடா, அண்ணாமலையார் வாக்கிங் போறாரு," என்று ஒருவர் சொல்ல, பக்கத்தில் நின்றவர்கள் எல்லாம் சிரித்துவிட்டு எதிர்க்கடையில் பலூன் வாங்கினார்கள். பிள்ளைகள் ஒரு முறை பார்த்துவிட்டு, "நடக்கவே மாட்டேங்குறாங்க," என்று உதட்டைப் பிதுக்கின. பிள்ளைகள் சொன்னது நியாயம். நடக்கிற பொம்மைதான் பிள்ளைகளுக்குப் பிடிக்கும். நிற்கிற ஐந்து பேரில் அவர்களுக்கு என்ன இருக்கிறது. எட்டாம் நாள் இரவு வரை விற்றது பதினொன்று, அதில் ஒன்று முன்பே குருக்கள் வாங்கியது. அண்ணன் பார்சல் ஆபீசில் நான்கு காலிப் பெட்டிகளுக்குச் சொல்லிவைத்துவிட்டார், திரும்ப அடுக்கி வைக்க. அண்ணி நின்ற பொம்மைகளுக்குத் திரும்பத் திரும்பச் சாவி கொடுத்துக்கொண்டிருந்தார்.

ஒன்பதாம் நாள் மத்தியானம் செங்கம் பக்கத்துக் கிராமத்திலிருந்து ஒரு அம்மாள் வந்தார். அறுபத்தைந்து வயது இருக்கும். கூட வந்தவர்கள் எல்லாம் மலை சுற்றப் போயிருந்தார்கள். இவருக்கு இடுப்பு வாதம், நடக்க முடியாது. எங்கள் கடைக்குப் பக்கத்தில் குந்தவைத்துவிட்டு, வரும் வரை இங்கேயே இரு என்று சொல்லிப் போய்விட்டார்கள். அவர் மூட்டையை அணைத்துக்கொண்டு உட்கார்ந்து பொம்மையையே பார்த்தார். ஒன்று நின்றதும் என்னைப் பார்த்து, "இன்னொரு தபா திருப்புப்பா," என்றார். திருப்பினேன். அப்படி ஒன்பது முறை. கடைசியில், "இந்த அஞ்சு பேரும் ஏன் நிக்கறாங்க? என்னாட்டம் முடியாதவங்களா?" என்று கேட்டார். நான் ரயில், மரம், எலுமிச்சம் பழம் என்று விளக்க ஆரம்பித்தேன். அண்ணி என் கையைப் பிடித்து நிறுத்தினார். "ஆமாம்மா. முடியாதவங்கதான்," என்றார். அந்த அம்மாள் தலையை ஆட்டினார். "அதான் அவரே சுத்தி வர்றாரு," என்றார்.

பிறகு அரை மணி நேரம் பேரம். ஏழரையை நாலரைக்குக் கேட்டார், தரமாட்டேன் என்றார் அண்ணி. "சாமியை வச்சிக்கினு இப்படியா விலை சொல்லுவ? ஜாஸ்தி," என்றார் அந்த அம்மாள். "சாமிக்கு விலை இல்லம்மா. ஸ்பிரிங்குக்குத்தான் விலை," என்றார் அண்ணி. கடைசியில் முழு விலை கொடுத்து, தனக்கு ஒன்றும் தன் அக்காவுக்கு ஒன்றுமாக இரண்டு வாங்கினார். அவர் எழுந்து போவதற்குள் அண்ணி பலகைமேல் ஏறி நின்றுவிட்டார். "முட்டி வலியா, இடுப்பு வலியா, வாங்க. நீங்க நில்லுங்க, மலை சுத்தும். நீங்க நில்லுங்க, மலை சுத்தும்."

இந்தியாவிலேயே அறுபது வயதுக்கு மேற்பட்டவர்கள் மட்டும் வாங்கிய பொம்மை இதுவாகத்தான் இருக்கும். எனக்குத் தெரிந்து வேறில்லை. கோலோடு வந்தார்கள், மகன் தோளைப் பிடித்துக்கொண்டு வந்தார்கள், ஒருவரை நாற்காலியோடு தூக்கி வந்தார்கள். தனக்குப் பொம்மை வாங்குகிறேன் என்று ஒருவரும் ஒப்புக்கொள்ளவில்லை. "பேத்திக்கு," என்று சொல்லித்தான் எல்லாரும் காசை நீட்டினார்கள். எந்தப் பேத்திக்காவது அது போய்ச் சேர்ந்ததா என்பது எனக்குச் சந்தேகம். பத்தாம் நாள் மாலை மலை உச்சியில் தீபம் தெரிந்தபோது தெரு முழுக்க அரோகரா என்று கைகூப்பியது. அண்ணியும் கைகூப்பினார், ஒரு கண் மலையில், ஒரு கண் கல்லாவில். அந்த நேரத்தில் பாக்கி இருந்தது பதினேழு பொம்மை. எட்டு மணிக்குள் அவையும் போய்விட்டன.

மறுநாள் காலை மில்காரர் நூலோடும் கடைக்கால் தோண்டுகிற இரண்டு ஆட்களோடும் வந்தார். அண்ணி மூன்று வருட வாடகையை ஒரு பித்தளைத் தட்டில் வைத்து நீட்டினார். அவர் எண்ணினார், பிறகு என்னை எண்ணச் சொன்னார், பிறகு அவரே எண்ணினார். சரியாக இருந்தது. சற்று நேரம் நூலைச் சுற்றிக்கொண்டு நின்றவர், தன் அம்மாவுக்கு ஒரு பொம்மை கிடைக்குமா என்று கேட்டார், அம்மா இரண்டு வருடமாகப் படுக்கையில் என்று. "தீந்துபோச்சுங்க மொதலாளி. அடுத்த தீபத்துக்குச் சொல்லி வைங்க. கொட்டகை இருந்தா செய்வேன்," என்றார் அண்ணி. வந்த இரண்டு ஆட்களையும் கூலி வீணாகாமல் அன்று முழுக்க மரப்பெட்டி உடைக்க வைத்துக்கொண்டார்.

அடுத்த வருடம் ஒரு வேடிக்கை நடந்தது. அண்ணி சென்னைக்கு ஆயிரம் எந்திரத்துக்கு ஆர்டர் கொடுத்தார். பட்டறைக்காரர் நல்ல மனிதர். நடுவில் குடும்பத்தோடு எங்கள் ஊருக்கு வந்து மலை சுற்றியிருக்கிறார். அப்போதுதான் தான் செய்த பிசகு என்ன என்று அவருக்குப் புரிந்திருக்கிறது. மனம் உறுத்தி, யாரும் கேட்காமலே ஆயிரத்தையும் சரியான பக்கம் சுற்றுகிற மாதிரி மாற்றிச் செய்து அனுப்பிவிட்டார். இப்போது மலை மறுபக்கம் சுற்றியது, நின்றவர்கள் எல்லாம் மலையின் கண்ணுக்குப் பின்னால் நடந்தார்கள். மறுபடியும் நான் தபால் ஆபீசுக்கு ஓடினேன். "தப்பைத்தானே சார் சரி பண்ணேன்," என்றார் அவர். "தப்பாவே செய்யுங்க," என்றேன். அந்த முறை ஐந்து மாதம் அவகாசம் இருந்ததால் தப்பு சரியான நேரத்துக்கு வந்து சேர்ந்தது.

எண்பதுகள் முழுக்க அந்தக் கொட்டகை அண்ணி கையிலேயே இருந்தது. பிளாஸ்டிக் வந்தபோது பிளாஸ்டிக்கும் செய்தார், அதற்காக ஒருநாளும் அழவில்லை. ஆறு பெண்கள் பத்தொன்பது பேர் ஆனார்கள். பிறகு முட்டி தேய்ந்து, தொழிலை மகனிடம் கொடுத்தார். மகன் கொட்டகையை மளிகைக் கிடங்கு ஆக்கினான். அதற்கும் அவர் அழவில்லை. மில்காரருக்கு வாடகை சரியாகப் போகிறதா என்று மட்டும் கேட்டுக்கொண்டார். அவரைப் பற்றி நினைக்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றுவது ஒன்றுதான். நான் ஆயுள் முழுக்க எது எத்தனை என்று எண்ணிக்கொண்டிருந்தேன். அண்ணி எது எதற்கு வேண்டும் என்று பார்த்துக்கொண்டிருந்தார். நான் எண்ணியதில் தப்பு வந்தது கிடையாது. ஆனாலும் எண்ணுவதற்கு ஏதாவது இருந்தது என்றால் அது அவர் செய்து வைத்ததுதான்.

எனக்கு இப்போது எழுபத்தேழு. போன ஆடியில் டாக்டர் என் முட்டியைப் படம் எடுத்துப் பார்த்துவிட்டு, பௌர்ணமிக்குப் பதினான்கு கிலோமீட்டர் நடப்பதை மறந்துவிடுங்கள் என்றார். நாற்பத்தாறு வருடமாக ஒரு பௌர்ணமி விட்டால் அடுத்ததில் சரிக்கட்டுகிறவன் நான். மூன்று பௌர்ணமி மொட்டை மாடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, அடி அண்ணாமலைப் பக்கம் விளக்கு வெளிச்சத்தில் ஜனங்கள் நகர்வதைப் பார்த்தேன். நான்காவது பௌர்ணமிக்கு முந்தைய நாள் ஒரு ஆட்டோ பிடித்து வேங்கிக்காலுக்குப் போனேன். அண்ணி அங்கே தன் மகன் வீட்டில் இருக்கிறார். எண்பத்துமூன்று வயது, காது கம்மி, மற்றதெல்லாம் அப்படியே. அந்தப் பொம்மை ஒன்றாவது மிச்சம் இருக்கிறதா என்று கேட்டேன். பீரோவைத் திறந்து புடவைகளுக்கு அடியிலிருந்து ஒன்றை எடுத்தார். சாவி கொடுத்தார். மலை சுற்றியது. கோல் ஊன்றிய கிழவர் நின்ற இடத்தில் நின்றார்.

"யாருக்கு தம்பி?" என்றார் அண்ணி.

எனக்கு இருப்பது மூன்று பேரன்கள். அது அண்ணிக்கு நன்றாகத் தெரியும். பெயர் வைத்ததே அவர்தான்.

"பேத்திக்கு அண்ணி," என்றேன்.

அண்ணி என் முட்டியைப் பார்த்தார், என் முகத்தைப் பார்த்தார், தலையை ஆட்டிக்கொண்டார். பிறகு விலை சொன்னார். பொம்மைக்கு இரண்டாயிரத்து ஐந்நூறு. சாவிக்குத் தனியாக ஐம்பது, இப்போதெல்லாம் அந்தச் சாவி கிடைப்பதில்லையாம். போக வர ஆட்டோவுக்கு நூற்று அறுபது. ஆக மொத்தம் எனக்குச் செலவு இரண்டாயிரத்து எழுநூற்றுப் பத்து ரூபாய்.